நீலக்குடையின் ஆட்டம்

ஜனவரி 14

அன்புள்ள நாத்தனாருக்கு,

கழுத்து வலி ஒன்றைத் தவிர இங்கே நான் சுகம். செயற்கைப் பல் செய்யும் கூடத்தில் நாள் முழுக்கக் குனிந்து அடுத்தவர் வாய்க்கு மெழுகு வைத்துக்கொண்டிருந்தால் கழுத்து சும்மா இருக்குமா? உங்கள் மணிக்கட்டு இப்போது எப்படி? பேருந்துப் பணிமனைக்குப் புது மேலாளர் வந்திருக்கிறாராம், அத்தை சொன்னார்கள். ஓட்டுநர்களுக்கு ஷிப்ட் போடும் வேலையை இன்னும் உங்கள் தலையில்தான் கட்டுகிறார்களா?

போனில் பேசினால் மழை, வெயில், சாப்பாடு என்று நம் பேச்சு மூன்று வாக்கியத்தில் தீர்ந்துபோகிறது. அதனால் எழுதுகிறேன். உங்கள் அண்ணன் போன வாரம் கப்பல் ஏறிவிட்டார். கடலடியில் கேபிள் பதிக்கிற வேலை இந்த முறை ஆகஸ்ட் வரை இழுக்குமாம். பையைத் தோளில் மாட்டிக்கொண்டு வாசல் தாண்டியவர் திரும்பி, "அந்த ஆட்டத் தளத்துல இடம் நிரம்பிடுச்சு. பழசையெல்லாம் அழிச்சிடு. எதுன்னு தெரியலேன்னா தங்கச்சியைக் கேளு" என்றார். அந்த வாரத்தில் அவர் என்னிடம் பேசிய மிக நீளமான பேச்சு அதுதான்.

கடவுச்சொல்லும் தந்துவிட்டுப் போயிருக்கிறார். நேற்று உள்ளே போய்ப் பார்த்தேன். இணையத்தில் ஒரு மேசை, அதைச் சுற்றி ஆட்கள், பகடை, வரைபடம். ஒருவர் கதை நடத்த, மற்றவர்கள் ஆளுக்கொரு வேடம் கட்டி ஆடுகிறார்கள். இந்த அளவுக்கு விளங்கியது. ஆட்டத்தைத் தொடங்கியவர்தான் அதை அழிக்க முடியுமாம். ஆட வந்தவர்களுக்கு 'வெளியேறு' என்கிற பொத்தான் மட்டும்தான். தொடங்கியவர் உங்கள் அண்ணன் என்பதால் இப்போது எல்லாம் என் கையில். எதை வைக்க, எதை எடுக்க? பாதிக்கு மேல் பெயரே புரியவில்லை.

வேளைக்குச் சாப்பிடுங்கள். குளிருக்குக் காதை மூடிக்கொள்ளுங்கள்.

உங்கள் அண்ணி

&nbsp;

ஜனவரி 30

அன்புள்ள அண்ணிக்கு,

மணிக்கட்டு பரவாயில்லை, மேலாளர்தான் வலி. உங்கள் கழுத்துக்கு வெந்நீர் ஒத்தடம் கொடுத்துப் பாருங்கள். நாற்காலியையும் கொஞ்சம் உயர்த்திக்கொள்ளுங்கள்.

'சோதனை', 'சோதனை புதிது', 'பெயரில்லை' என்று இருப்பதையெல்லாம் தாராளமாக அழியுங்கள். அண்ணன் ஒருநாள் ஆசையில் ஆரம்பித்து மறுநாள் மறந்துபோனவை அவை. குகைப் படம் போட்ட இரண்டும் வேண்டாம். அவையும் அப்படித்தான்.

'உப்புக்கோட்டை'யை மட்டும் தொட்டுவிடாதீர்கள்.

அது எங்களுடையது. நான் இந்த ஊருக்கு வேலைக்கு வந்து, பேச ஆளில்லாமல் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்த வருடம் அவன் எனக்காகத் தொடங்கியது. சனிக்கிழமை என்றால் உப்புக்கோட்டை. காய்ச்சலானாலும் போர்வைக்குள்ளிருந்து ஆடியிருக்கிறேன். முதலில் இன்னும் இரண்டு நண்பர்கள் இருந்தார்கள். குழந்தை குட்டி என்று கழன்றுகொண்டார்கள். அப்புறம் நானும் அவனும்தான். நான் அங்கே ஒற்றைக்கண் தளபதி. கோட்டைக்குள் சிறைப்பட்டிருக்கும் ராணியை மீட்கப் போகிறவள். வெளியிலிருந்து பார்க்கிறவர்களுக்குப் பைத்தியக்காரத்தனமாகத் தோன்றும். ஆடினவர்களுக்குத்தான் தெரியும்.

ஒன்று கேட்கிறேன், தப்பாக நினைக்காதீர்கள். அவன் ஆகஸ்ட் வரை கடலில் இருப்பான். இவ்வளவு அவசரமாக அந்த இடம் யாருக்கு வேண்டும்?

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

வாலு
(அண்ணன் என்னை அப்படித்தான் கூப்பிடுவான்)

&nbsp;

பிப்ரவரி 11

அன்புள்ள நாத்தனாருக்கு,

நலமாயிருக்கிறேன். நாற்காலியை உயர்த்தினேன். கழுத்து தப்பித்தது, இப்போது முதுகு பிடித்துக்கொண்டது. அத்தைக்கு ரத்த அழுத்தம் கட்டுக்குள் இருக்கிறதாம். நேற்றுப் பேசினேன். குரலில் ஒரு உற்சாகம்கூடத் தெரிந்தது.

நீங்கள் சொன்னவற்றை அழித்துவிட்டேன். அதற்கு ஒரு சடங்கே வைத்திருக்கிறார்கள். ஆட்டத்தின் பெயரை நாமே ஒரு பெட்டிக்குள் தட்டச்சு செய்ய வேண்டும். பிறகு, 'நிச்சயமா? திரும்பப் பெற முடியாது' என்று கேட்கும். ஆமாம் என்றால் திரை ஒரு நொடி வெள்ளையாகி, பட்டியல் ஒரு வரி மேலே ஏறும். 'பெயரில்லை' என்று பெயர் எழுதி அழித்தபோது எனக்கே சிரிப்பு வந்துவிட்டது.

உப்புக்கோட்டையை அழிக்கவில்லை. திறந்து பார்த்தேன், அவ்வளவுதான். நீங்கள் இருவரும் பேசியதெல்லாம் எழுத்தாக அப்படியே இருக்கிறது. கொஞ்சம் படிக்கலாம் என்று உட்கார்ந்தவள், அடுப்பில் வைத்த பால் தீய்ந்த வாசம் வந்த பிறகுதான் எழுந்தேன்.

நாத்தனாரே, உங்கள் அண்ணன் இவ்வளவு பேசுவாரா? சத்திரக்காரனாக, ராணியாக, வழிப்பறிக்காரனாக, ஒரு இடத்தில் கோபித்துக்கொண்ட கோவேறு கழுதையாகக்கூடப் பேசுகிறார். இங்கே சாப்பிட உட்கார்ந்தால் அவர் பேச்சு 'உப்பு', 'போதும்', 'தண்ணி'. ஒருநாள் புதிதாக ஏதோ செய்துவைத்து, "எப்படி இருக்கு?" என்று கேட்டேன். "இருக்கு" என்றார்.

நீங்கள் கொடுத்துவைத்தவர். வேறென்ன சொல்ல.

உங்கள் அண்ணி

&nbsp;

மார்ச் 20

அன்புள்ள அண்ணிக்கு,

நலம்தானே? ஒரு மாதத்துக்கு மேல் பதில் போடவில்லை. வேலை என்று சொல்லலாம். வேலையும் இருந்தது.

எங்கள் பேச்சை நீங்கள் படித்தது எனக்குப் பிடிக்கவில்லை. பூட்டாத அறைதான், நீங்களும் அந்த வீட்டு ஆள்தான். இருந்தாலும் பிடிக்கவில்லை. இதை எப்படி மரியாதையாக எழுதுவது என்று யோசித்துத்தான் இத்தனை நாள் போயிற்று.

படித்ததுதான் படித்தீர்கள், கடைசிப் பக்கத்தைப் பார்த்தீர்களா? உங்கள் கல்யாணத்துக்கு முந்தைய சனிக்கிழமை அது. தளபதி கோட்டைவாசலுக்கு வந்துவிட்டாள். கதவை உடைப்பதா, தட்டிப் பார்ப்பதா என்று நான் யோசித்துக்கொண்டிருந்தேன். "இதை அடுத்த வாரம் பார்ப்போம், வாலு" என்றான். மூன்று வருடமாக அவள் அந்த வாசலிலேயே நிற்கிறாள். எப்போது கேட்டாலும் "நேரமில்லைம்மா" என்கிறான். வீடு, குடும்பம் என்று ஆகிவிட்டால் அப்படித்தான். நான் குறை சொல்லவில்லை.

ஓர் உதவி செய்யுங்கள். ஆட்டத்தை இன்னொருவர் கணக்குக்கு நகல் எடுக்க வழி இருக்கிறது. உப்புக்கோட்டையை எனக்கு மாற்றிவிடுங்கள். உங்களுக்கு இடமும் கிடைக்கும், எனக்கு நிம்மதியும் கிடைக்கும்.

முதுகு தேறியதா?

வாலு

&nbsp;

மார்ச் 23

அன்புள்ள நாத்தனாருக்கு,

முதுகைப் பற்றி அப்புறம் எழுதுகிறேன்.

நகல் எடுக்கத்தான் உள்ளே போனேன். பட்டியலின் அடியில் 'மேலும் காட்டு' என்று பொடியாக ஒரு எழுத்து. இத்தனை நாள் அதை நான் அழுத்தவே இல்லை. அழுத்தினால் இன்னொரு ஆட்டம் வந்தது. பெயர் 'அக்கரை'. போன வருடம் தொடங்கியிருக்கிறார். ஆடுவது அவரும் இன்னொருவரும் மட்டும். அந்த இன்னொருவரின் பெயர் நீலக்குடை.

பழைய ஆட்டமில்லை இது. நாளுக்கு நாலு வரி, ஐந்து வரி என்று மாறி மாறி எழுதிக்கொள்கிறார்கள். கப்பலிலிருந்தும் எழுதியிருக்கிறார். கடைசியாக எழுதியது முந்தாநாள். அன்று எனக்கு வந்த செய்தி: 'சிக்னல் சரியில்லை. நலம்.'

அவர் அதில் கலங்கரை விளக்கக் காவலாளி. நீலக்குடை ஒரு படகுக்காரி. கண்ணில் பட்ட முதல் வரியை அப்படியே தருகிறேன்: "நீ வராத நாளில் இந்தக் கரையில் விளக்கேற்றி எனக்கு என்ன?" அதற்கு மேல் படிக்க என்னால் முடியவில்லை. மூடிவிட்டேன்.

யார் இது? உங்களுக்குத் தெரிந்திருக்கும். தெரிந்தால் மறைக்காதீர்கள். அவரிடமே கேட்கலாம். கேட்டால் பதில் வந்துவிடுமே என்றுதான் பயமாக இருக்கிறது.

அண்ணி

&nbsp;

மார்ச் 24

அண்ணி,

சத்தியமாக எனக்குத் தெரியாது. அப்படி ஒரு பெயரைக் கேள்விப்பட்டதே இல்லை.

உங்கள் கடிதத்தைப் படித்துவிட்டு வேலைக்குப் போனேன். இரண்டு ஓட்டுநர்களை ஒரே பேருந்துக்குப் போட்டிருக்கிறேன். இருவரும் ஒரே இருக்கைக்குச் சண்டை போட்டுக்கொண்டு என்னிடம் வந்து நிற்கிறார்கள். என் மண்டையில் ஏறவேயில்லை. எனக்கு நேரமில்லை, நீலக்குடைக்கு நேரமிருக்கிறதா? மூன்று வருடமாகக் குடும்பஸ்தன் பாவம் என்று நான் வாயை மூடிக்கொண்டிருக்கிறேன். சனிக்கிழமைகளை நீங்கள் எடுத்துக்கொண்டீர்கள் என்று மனதுக்குள் உங்களைத் திட்டியும் இருக்கிறேன். நீங்களும் எடுத்துக்கொள்ளவில்லை. யாரோ ஒரு படகுக்காரி எடுத்துக்கொண்டிருக்கிறாள்!

அந்த விளக்கு வரியைப் பத்துத் தடவை படித்தேன். எட்டு வருடத்தில் தளபதிக்கு அப்படி ஒரு வரி அவன் எழுதியதில்லை.

இந்த விஷயத்தில் நாம் இருவரும் ஒரே கட்சி அண்ணி. அந்தக் கடவுச்சொல் மட்டும் என்னிடம் இருந்திருந்தால் இந்நேரம் பெட்டிக்குள் பெயரை எழுதி முடித்திருப்பேன். பழசையெல்லாம் அழிக்கச் சொன்னது அவன்தானே?

தூங்குங்கள். நான் தூங்கவில்லை, நீங்களாவது தூங்குங்கள்.

வாலு

&nbsp;

ஏப்ரல் 2

அன்புள்ள நாத்தனாருக்கு,

செய்துவிட்டேன்.

மதியச் சாப்பாட்டு இடைவேளையில், கூடத்திலேயே உட்கார்ந்து செய்தேன். கையில் மெழுகு ஒட்டியிருந்தது. அ, க், க, ரை. நிச்சயமா என்று கேட்டது. ஆமாம் என்றேன். திரை வெள்ளையானது.

பாரம் இறங்கிவிடும் என்று நினைத்தேன். அன்று மாலை ஒரு பெரியவருக்குச் செய்த மேல்வரிசைப் பற்களை மூன்று முறை தப்பாக அடுக்கினேன். "இவர் சிரிச்சா ஊரே ஓடும், பிரிச்சு அடுக்கு" என்றார் மேற்பார்வைக்காரர்.

இன்று உங்கள் அண்ணனிடமிருந்து செய்தி வந்திருக்கிறது. 'தளம் வேலை செய்யுதா?' என்று கேட்டிருக்கிறார். கப்பல் ஏறிய பிறகு அவர் என்னிடம் கேட்ட முதல் கேள்வி. 'தெரியலை' என்று போட்டேன்.

உங்கள் உப்புக்கோட்டை பத்திரமாக இருக்கிறது. இலவசக் கணக்கு என்பதால் உங்கள் பக்கம் அது ஏறாது என்கிறது தளம். என் கையிலேயே இருக்கட்டும். நம்புங்கள்.

அண்ணி

&nbsp;

ஏப்ரல் 20

அண்ணி,

இந்தக் கடிதத்தை உட்கார்ந்து படியுங்கள்.

நேற்று அம்மா கூப்பிட்டாள். வழக்கமான விசாரிப்பெல்லாம் முடிந்து, வைக்கப்போகிறாள் என்று நினைத்தேன். வைக்கவில்லை. அப்புறம், "ஏம்மா, நீங்க ரெண்டு பேரும் ஆடுவீங்களே அந்த மேசை ஆட்டம், அதுல தெரியாத்தனமா எதையாவது அழுத்தினா மொத்தமும் போயிடுமா?" என்றாள்.

"உனக்கு எதுக்கும்மா அது?"

"சிரிக்க மாட்டேன்னு சொல்லு."

"சிரிக்கலை. சொல்லு."

"நானும் ஆடிக்கிட்டிருந்தேன். உங்கண்ணன்கூட. நீலக்குடைன்னு பேர் வச்சிருந்தேன்."

நான் சிரிக்கவில்லை அண்ணி.

எட்டு வருடம் எங்களைக் 'கழுதை வயசுல பகடை உருட்டுதுங்க' என்று சொன்ன அம்மா. அதனால்தான் வெட்கப்பட்டு யாரிடமும் சொல்லக் கூடாது என்று அவனிடம் சத்தியம் வாங்கியிருக்கிறாள். முக்கியமாக என்னிடமும் உங்களிடமும். இப்போது தன் விரல்தான் எங்கேயோ பட்டுவிட்டது என்று நினைத்துக்கொண்டிருக்கிறாள். டேப்லெட்டைத் தூக்கிக்கொண்டு பழுது பார்க்கும் கடைக்குப் போனாளாம். கடைக்காரன் கோளாறு ஒன்றுமில்லை என்று திருப்பிக் கொடுத்துவிட்டானாம். அண்ணனிடமும் கேட்டிருக்கிறாள். 'எனக்கும் தெரியலைம்மா, வந்து பார்க்கிறேன்' என்று பதில் போட்டிருக்கிறான். ரத்த அழுத்த மாத்திரையை மருத்துவர் கூட்டியிருக்கிறார்.

அழிக்கச் சொல்லித் தூபம் போட்டவள் நான். இல்லையென்று சொல்ல மாட்டேன். ஆனால் அம்மாவிடம் நான் சொல்லப்போவதில்லை. உங்கள் விரல் அது. நீங்கள் போய்ச் சொல்லுங்கள். சொல்லும்வரை எனக்கு எழுத வேண்டாம்.

உங்கள் நாத்தனார்

&nbsp;

மே 12

அன்புள்ள நாத்தனாருக்கு,

அத்தை நலம். முதலில் அதைச் சொல்லிவிடுகிறேன். மாத்திரை பழைய அளவுக்கு வந்துவிட்டது.

தளத்தின் உதவிப் பிரிவுக்கு எழுதிக் கெஞ்சிப் பார்த்தேன். அழித்ததை மீட்க வழியே இல்லை என்று ரொம்ப மரியாதையாகப் பதில் வந்தது. அதன் பிறகுதான் விடுப்பு எடுத்துக்கொண்டு அத்தை ஊருக்கு ரயில் ஏறினேன். மூன்றாவது மாடி வரை படியேறும்போது சொல்ல வேண்டியதை ஒத்திகை பார்த்துக்கொண்டே போனேன். கதவைத் திறந்தவரின் கையில் டேப்லெட் இருந்தது.

"வா வா, நல்ல நேரத்துல வந்தே. உனக்கு இதெல்லாம் தெரியுமா? எதையோ அழுத்திட்டேன் போல..."

"நீங்க இல்லை அத்தை. நான்தான். நான்தான் அழிச்சேன்."

"எதுக்கு?"

"வேற யாரோன்னு நினைச்சேன்."

"யாரோன்னா?"

"ஒரு பொம்பளைன்னு."

"நான் பின்னே யாரு?" என்றார்.

அது சிரிப்பதற்குச் சொன்னதில்லை. உள்ளே போய், கழுவி வைத்திருந்த டம்ளரையே மறுபடி கழுவினார். குழாய்ச் சத்தத்துக்கு நடுவில் முதுகைக் காட்டிக்கொண்டே பேசினார். "டெலிபோன் எக்ஸ்சேஞ்சுல முப்பது வருஷம். யார் யாரோ யார் யார்கிட்டயோ பேசினதை இணைச்சுக் கொடுத்துட்டு உட்கார்ந்திருந்தேன். அப்புறம் வீட்டுல அதுங்க ரெண்டும் சிரிக்கிறது. கதவுக்கு இந்தப் பக்கம் நான் உட்கார்ந்து கேட்கணும், அந்தப் பக்கம் அவனும், ஸ்பீக்கர்ல அவளும். எரியும். என்னதான் இருக்கு அதுலன்னு ஒருநாள் அவனையே கேட்டுட்டேன். எனக்குன்னு ஒரு லைன் கிடைச்சது. அதையும் பிடுங்கிட்டே."

அதற்குப் பிறகு அன்று முழுக்க என்னிடம் பேசவில்லை. படுக்கை விரித்துக் கொடுத்தார், போர்வை கொடுத்தார், பேச்சு மட்டும் கொடுக்கவில்லை.

காலையில், "உட்கார். டைப் அடி" என்றார். டேப்லெட்டை என் மடியில் வைத்துவிட்டு, கண்ணை மூடி முதலிலிருந்து சொல்ல ஆரம்பித்தார். ஊர் முழுக்க யாருக்கு என்ன எண் என்று மனதிலேயே வைத்திருந்தவர் அல்லவா? ஒரு படகுப் பயணம் விடவில்லை. காவலாளிக்கு உங்கள் அண்ணனின் குரலையே கொண்டுவந்தார். இரண்டு நாள் சொன்னார், இரண்டு நாள் தட்டச்சு செய்தேன்.

அந்த விளக்கு வரி வந்தது. என் விரல் நின்றுவிட்டது. அத்தை கண்ணைத் திறக்காமலே சொன்னார்: "அது எனக்கில்லை. காவலாளிக்கு அக்கரையில ஒருத்தி இருக்கா. அவகிட்ட நேர்ல பேச அவனுக்கு வாய் வராது. சொல்ல வேண்டியதைப் படகுக்காரிகிட்ட சொல்லிப் பார்ப்பான். அவ திருத்திக் கொடுப்பா. நல்லா வந்தா அக்கரைக்குக் கொண்டுபோய்ச் சேர்க்கணும். அதுதான் என் வேலை. அக்கரையில இருக்கிறது யாருன்னு நான் கேட்டதில்லை. கேட்கணுமா?"

நான் எழுந்து முகம் கழுவிக்கொண்டு வந்தேன். வந்து மீதியைத் தட்டச்சு செய்தேன்.

கிளம்பும்போது, "அவன் வர்ற வரைக்கும் நீ நடத்து" என்றார். "எனக்குக் கதை சொல்ல வராது அத்தை" என்றேன். "அவனுக்கு மட்டும் பேச வந்துச்சா?" என்றார்.

உங்கள் அண்ணனுக்கும் செய்தி போட்டுவிட்டேன். 'நான்தான் அழித்தேன். அத்தையிடம் சொல்லிவிட்டேன்.' நாலு நாள் கழித்துப் பதில் வந்தது. 'பார்த்தேன்.'

இப்போது எனக்கு எழுதலாமல்லவா?

அண்ணி

&nbsp;

ஜூன் 3

அன்புள்ள அண்ணிக்கு,

எழுதலாம். நலமா? எனக்கு இங்கே கோடைச் சளி. மூக்கு மட்டும்தான் மும்முரமாக வேலை பார்க்கிறது.

அம்மா எல்லாவற்றையும் சொன்னாள். நீங்கள் படகை மூன்று முறை கவிழ்த்துவிட்டீர்களாமே. காவலாளியை ஒருநாள் முழுக்கத் தும்ம வைத்தீர்களாமே. 'அவளுக்குக் கதை வரலை, ஆனா விட மாட்டேங்கிறா' என்றாள். அதைச் சொல்லும்போது அவள் குரலில் இருந்த சந்தோஷம் எனக்குக் கொஞ்சம் கடுத்தது. ஞாயிற்றுக்கிழமை நானும் வருகிறேன். படகில் ஒரு திருட்டுப் பயணிக்கு இடம் வைக்கச் சொல்லியிருக்கிறேன்.

இன்னொன்றும் சொன்னாள். இடம் எதற்கு என்று ஜனவரியில் கேட்டேன், நீங்கள் பதிலே எழுதவில்லை. உங்கள் பெயரில் பாதி வரைந்த ஒரு வரைபடம் அந்தக் கணக்கில் கிடக்கிறதாமே. இரண்டு பேர் மட்டும் ஆடுகிற ஆட்டமாம். அவன் வந்ததும் காட்டலாம் என்று வைத்திருந்தீர்களாம். என்னிடம் சொல்லியிருக்கலாம். சொல்லியிருந்தால் உதவியிருப்பேனா? மாட்டேன். நீங்கள் சொல்லாதது சரிதான்.

அந்த வரி உங்களுக்குத்தான் என்று அம்மா சொன்னபோது எனக்குப் பிடிக்கவில்லை அண்ணி. நல்ல விஷயம், சந்தோஷப்பட வேண்டும் என்று எனக்கே சொல்லிக்கொண்டேன். பாத்திரங்களை உருட்டினேன். ஒரு நாள் ஆயிற்று.

அதனால் உள்ளதை உள்ளபடி எழுதுகிறேன். அம்மாவின் படகில் நாம் எல்லோரும் ஏறலாம். உப்புக்கோட்டைக்குள் மட்டும் உங்களைக் கூப்பிட மாட்டேன். பழைய பேச்சையும் இனி படிக்காதீர்கள். அது எனக்கும் அவனுக்கும் மட்டும். கேட்க அசிங்கமாகத்தான் இருக்கிறது. இருந்தாலும் கேட்கிறேன்.

கழுத்தைக் கவனியுங்கள்.

வாலு

&nbsp;

செப்டம்பர் 6

அன்புள்ள நாத்தனாருக்கு,

எல்லோரும் நலம். உங்கள் அண்ணன் வந்து பத்து நாளாகிறது. நன்றாகக் கறுத்து, இளைத்து, தலைமுடியைக் கப்பல் சமையல்காரர் வெட்டிவிட்ட கோலத்தில் வந்தார்.

பையை இறக்கியதும், "ஏன் என்னைக் கேட்கலை?" என்றார். எதைப் பற்றி என்று நான் கேட்கவில்லை.

"கேட்டா சொல்லியிருப்பீங்களா?"

"தெரியலை" என்றார். கோபித்துக் கத்தியிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். இரண்டு நாள் வீட்டுக்குள்ளேயே ஓரமாக நடந்தார். மூன்றாம் நாள் நானும் அத்தையும் தட்டச்சு செய்ததை எடுத்து வைத்துக்கொண்டு படித்தார். ஒரு இடத்தில், "இது அம்மா சேர்த்தது, நான் இவ்வளவு அழகாச் சொல்லலை" என்று சொல்லிவிட்டு எழுந்து போய்விட்டார். எந்த இடம் என்று நான் எட்டிப் பார்க்கவில்லை. எனக்குத் தெரியும்.

உப்புக்கோட்டையை நான் திறக்கவில்லை. உங்களுக்குச் சொன்ன சொல்லைக் காப்பாற்றினேன். நேற்றுக் காலை அவர் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டபோது சனிக்கிழமை என்று புரிந்தது. காதை மூடிக்கொள்வதாக நான் சொல்லவில்லையே. கேட்டேன். தளபதி கதவைத் தட்டினாள் போலிருக்கிறது, உடைக்கவில்லை. அவர் ராணியாகப் பேசினார். ஸ்பீக்கரில் நீங்கள் சிரித்த சிரிப்பு சமையலறை வரை வந்தது. எனக்கு வயிறு எரிந்தது. மூன்று வருடமாக நீங்கள் நின்ற வாசல் இதுதான் என்று தெரிந்தும் எரிந்தது. துலக்கிய பாத்திரத்தையே திரும்பத் துலக்கிக்கொண்டிருந்தேன்.

ஆட்டம் முடிந்து வெளியே வந்தவர் சமையலறை வாசலில் நின்றார். இன்னும் அந்தச் சூடு ஆறவில்லை போலும். நான் எந்தப் பக்கத்திலும் படித்திராத, அத்தையும் நடித்துக் காட்டியிராத ஒரு குரலில், கொஞ்சம் கூச்சத்தோடு, "இந்த ஊருக்கு நான் புதுசு. இங்க யார்கிட்ட பேசணும்?" என்றார்.

என் கையெல்லாம் நுரை. துடைத்துக்கொள்ளத் தோன்றவில்லை. பதில் சொன்னேன். அதற்கு அவர் ஒன்று சொன்னார். நான் ஒன்று சொன்னேன். குழாய் பாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது.

என்ன பேசினோம் என்று உங்களுக்கு எழுத மாட்டேன்.

சளி விட்டதா? உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

உங்கள் அண்ணி